லூயி மால் டிவிக்காரரா, சினிமாக்காரரா? பாட்டி ரப்பர்ப் பால் வெட்டுவதைப் படம் எடுக்க அவரிடம் என்ன கற்கலாம்?

செம்பனைக்காடு (சுங்கை சிப்புட்) எழுதியது:

எல்லாருக்கும் வணக்கம். மலேசியாவில், ஈப்போவில் ஊடகப் படிப்பு, கடைசித் தவணை. இருபது நிமிட ஆவணப்படம் ஒன்று எடுத்துக் கொடுக்க வேண்டும். அதோடு ஓர் இயக்குநரின் வேலையை முழுக்கப் படித்து, அவர் வழியில் எதை எடுத்துக்கொண்டோம் என்றும் எழுத வேண்டும். எனக்கு வந்த பெயர் லூயி மால். பிரெஞ்சுக்காரர்.

என் படம் பாட்டியைப் பற்றியது. பாட்டிக்கு 74 வயது. தோட்டத்தில் ரப்பரை அழித்துச் செம்பனை நட்டு எவ்வளவோ காலம் ஆகிவிட்டது. ஆனால் பாட்டி இன்னும் மரம் வெட்டுகிறார், அதாவது பால் எடுக்க ரப்பர் மரத்துப் பட்டையைச் சீவுகிறார். பக்கத்தில் ஒரு சீன முதலாளியின் சின்ன ரப்பர்க் காடு இருக்கிறது, பத்து ஏக்கர் இருக்கும். பாலில் பாதிக்குப் பாதி என்று பேச்சு. வருகிற தீபாவளிக்குப் பிறகு அந்த மரங்களையும் சாய்த்துவிட்டு டுரியான் நடப்போகிறார்களாம். அதற்குள் எடுத்துவிட வேண்டும்.

இந்த லூயி மாலைப் பற்றிப் படித்தால் குழப்பமாக இருக்கிறது. கடலுக்கடியில் ஒரு படம், கொலைக் கதை ஒன்று, பிறகு இந்தியா, பிறகு கார் ஆலை, பிறகு அமெரிக்கா. டிவிக்கும் செய்திருக்கிறார், வெனிஸ் விழாவில் பரிசும் வாங்கியிருக்கிறார். இவர் வழி என்று எதைச் சொல்வது? பாட்டி வேறு, கேமராவை எடுத்தாலே வேலையை நிறுத்திவிட்டு என்னைப் பார்க்கிறார். "பார்க்காதீங்க பாட்டி" என்று நாலு முறை சொல்லிவிட்டேன். அனுபவம் உள்ளவர்கள் யாராவது சொல்லுங்கள்.

---

பழைய கேசட் கடை எழுதியது:

தம்பி, முதலில் ஒன்று. "பார்க்காதீங்க" என்று பாட்டியிடம் இனிமேல் சொல்லாதே. மற்றதை வரிசையாகச் சொல்கிறேன்.

நானும் நம்ம ஊர்தான். பெக்கானில் (கடைத்தெருவில்) முப்பது வருடம் கேசட் கடை வைத்திருந்தேன், கல்யாண வீடியோவும் எடுத்தேன். தோட்டத்துக் கோயில் தீமிதி, மஞ்சள் நீராட்டு, தமிழ்ப்பள்ளி விளையாட்டுப் போட்டி எல்லாம் தோளில் கேமராவைச் சுமந்து எடுத்தவன். இந்த லூயி மால் எனக்குத் தெரிய வந்தது 2008 வாக்கில். இவருடைய ஆவணப்படங்களை ஒரு டிவிடி பெட்டியாக 2007-ல் அமெரிக்காவில் வெளியிட்டார்கள். வாடிக்கையாளர் ஒருவரின் மகள் வெளிநாட்டில் படித்துவிட்டுத் திரும்பும்போது அதைக் கொண்டுவந்தார். "அங்கிள், இதில் நம்ம ஆளுங்க இருக்காங்க" என்று என் மேசையில் வைத்துவிட்டுப் போனார்.

போட்டுப் பார்த்தேன். பக்கத்தில் அம்மா உட்கார்ந்திருந்தார். அம்மா பிறந்தது இங்கே தோட்டத்தில், தமிழ்நாட்டை ஒரு நாளும் பார்த்ததில்லை. திரையில் மெட்ராஸ். தேர் இழுக்கிறார்கள். வடத்தைப் பிடித்து ஆயிரக்கணக்கான பேர், வியர்வை, தூசி. அம்மா கேட்டார்: "இது எங்கப்பா ரஜூலா கப்பல் ஏறுன ஊரா?" ஆமாம் என்றேன். அதற்கப்புறம் அம்மா படத்தைப் பார்க்கவில்லை, முகங்களைத்தான் பார்த்தார். "இவன் நம்ம பெரியப்பா மாதிரியே இருக்கான் பாரு." "அந்தப் பொம்பள சேலை கட்டியிருக்கிறது எங்க ஆத்தா கட்டு." அப்படியே கொஞ்ச நேரம் போனது. பிறகு என் பக்கம் திரும்பி ஒன்று கேட்டார்: "இந்த வெள்ளைக்காரன் இவங்க பேரக் கேட்டானா?"

அந்தக் கேள்விக்குப் பிறகு வருகிறேன். இப்போது உன் குழப்பத்துக்கு வருவோம்.

மால் 1932-ல் வட பிரான்சில் பிறந்தவர். பெரிய சர்க்கரை ஆலைக் குடும்பம், பீட் கிழங்கிலிருந்து எடுக்கும் சர்க்கரை. பாரிஸில் சினிமாப் பள்ளியில் படித்துக்கொண்டிருந்தபோது கடலாராய்ச்சிக்காரர் கூஸ்தோ அவரைத் தன் கப்பலுக்கு அழைத்துக்கொண்டார். இரண்டு பேரும் சேர்ந்து இயக்கிய ‘மௌன உலகம்’ 1956-ல் கான் விழாவில் முதல் பரிசு வாங்கியது, அடுத்த வருடம் ஆஸ்காரும் வாங்கியது. அப்போது மாலுக்கு வயது 23. அதாவது இவருடைய கண் பழகியது நடிகர்களிடம் அல்ல, மீன்களிடம். மீனிடம் போய் "இப்படி வா, அப்படித் திரும்பு" என்று சொல்ல முடியாது. காத்திருக்க வேண்டும். இதை மனதில் வை.

அப்புறம் சினிமா. ‘தூக்குமேடைக்கு மின்தூக்கி’ 1958-ல் வந்தது. ஒரு கொலைகாரன் லிஃப்டில் மாட்டிக்கொள்ளும் கதை. அடுத்தடுத்துப் பத்து வருடம் கதைப்படங்கள், பெரிய பெரிய நட்சத்திரங்கள். 1967-ல் அவருக்கே சலித்துவிட்டது. பிரெஞ்சு அரசு சில பிரெஞ்சுப் படங்களை இந்தியாவில் காட்ட அவரை அனுப்பியது. போனவர், திரும்பி வந்து இரண்டு பேரை மட்டும் கூட்டிக்கொண்டு 1968 தொடக்கத்தில் மறுபடி கிளம்பிவிட்டார். கேமராவுக்கு எத்தியென் பெக்கர், ஒலிக்கு ஜான்-குளோத் லோரோ. மூன்றே பேர், 16 மில்லிமீட்டர் கேமரா, கதை வசனத் தாள் எதுவும் இல்லை. சில மாதங்கள் சுற்றினார்கள். அதிலிருந்துதான் பிரெஞ்சு டிவிக்காக ஏழு பகுதிகள், ஆறு மணி நேரத்துக்கு மேல், 1969-ல் வந்தது. ‘ஃபாண்டம் இந்தியா’ என்று தேடு. அதே பயணத்தில் ‘கல்கத்தா’ என்று தனியாக ஒரு படமும் உண்டு.

முதல் பகுதியை இரண்டு முறை பார். அதன் பெயரே ‘முடியாத கேமரா’ என்கிற மாதிரி வரும். மக்கள் வேலையை விட்டுவிட்டு கேமராவைப் பார்க்கிறார்கள். வேறு யாராக இருந்தாலும் அந்தத் துண்டுகளை வெட்டி எறிந்திருப்பார்கள். கல்யாண வீடியோவில் நான் வெட்டியிருக்கிறேன். மால் அதையெல்லாம் உள்ளே வைத்தார். அந்தப் பார்வை அவரை என்ன செய்தது என்பதை அவர் தன் குரலிலேயே பேசுகிறார். ஆங்கிலப் பதிப்பிலும் பேசுவது அவரேதான். நாம் அவர்களைப் பார்க்க வந்தோம், அவர்கள் நம்மைப் பார்க்கிறார்கள், படம் அங்கேதான் தொடங்குகிறது. உன் பாட்டி உளியைக் கையில் வைத்துக்கொண்டு உன்னைத் திரும்பிப் பார்க்கிறார் அல்லவா, அது கெட்டுப்போன ஷாட் இல்லை தம்பி. பேரன் விடியாத நேரத்தில் காட்டுக்குள் வந்து நிற்கிறான், பார்க்காமல் என்ன செய்வார்?

இரண்டாம் பகுதி முழுக்க மெட்ராஸ். கலாக்ஷேத்திராவில் பிள்ளைகள் ஆடுவதை அவசரமே இல்லாமல் எடுத்திருப்பார். ‘தில்லானா மோகனாம்பாள்’ படப்பிடிப்புக்கும் போயிருக்கிறார்கள், சிவாஜியும் பத்மினியும். அந்தப் படம் 1968 ஜூலையில் வெளியானது. எங்கள் தோட்டத்துக்கு வந்தபோது பெரட்டுக்களத்தில் (காலையில் வேலைக்கு ஆள் கூடும் திடலில்) வெள்ளைத் துணி கட்டிக் காட்டினார்கள், அம்மா என்னை மடியில் வைத்துக்கொண்டு பார்த்தாராம். அதே படம் உருவான இடத்தில் ஒரு பிரெஞ்சுக்காரர் நின்று எடுத்ததை நாற்பது வருடம் கழித்து அம்மாவும் நானும் சுங்கை சிப்புட்டில் உட்கார்ந்து பார்த்தோம். இதை எழுதும்போதும் எனக்கு மனம் என்னவோ செய்கிறது.

உனக்கு இன்னும் நெருக்கமானது ‘மனிதம், மிகவும் மனிதம்’. 1972-ல் ரென் நகரத்து சித்ரோயன் கார் ஆலையில் எடுத்தது. விளக்கக் குரலே கிடையாது. கை, தகடு, பற்றவைக்கும் தீப்பொறி, மறுபடி கை. ஒரே அசைவைத் திரும்பத் திரும்பச் செய்யும் ஒருவரை நாம் பார்த்துக்கொண்டே இருக்கிறோம். முதல் நிமிடத்தில் இயந்திரம் தெரியும், ஐந்தாம் நிமிடத்தில் ஆள் தெரிவார். பாட்டி ஒரு மரத்திலிருந்து அடுத்த மரத்துக்குப் போவது அப்படித்தான். வெட்டில் உறைந்து ஒட்டியிருக்கும் ஒட்டுப்பாலை உரித்துக் கூடையில் போடுவது, பட்டையில் மேலிருந்து சரிவாக ஒரே இழுப்பு, பால் வடியும் மங்கு கிண்ணத்தை நிமிர்த்தி வைப்பது, நடை. இதை ஒரு மரத்தோடு நிறுத்தாதே. இருபது மரம் எடு. அழகான ஒரு ஷாட் எடுத்து மேலே வீணை இசை போட்டுவிட்டால் அது சுற்றுலா விளம்பரம் ஆகிவிடும்.

டிவியா சினிமாவா என்று கேட்டாய். இரண்டையும் மாறி மாறிச் செய்தார், ஒன்று மற்றதற்கு உரம். ஆலைக்குள் நின்றுவிட்டு வந்த பிறகு 1974-ல் ‘லாகோம்ப் லூசியன்’ எடுத்தபோது, முக்கிய வேடத்துக்கு நடிப்பே தெரியாத ஓர் இளைஞனைப் பிடித்தார். காட்டில் மரம் வெட்டுகிற பையன் (நாம் சொல்கிற மரம் வெட்டு அல்ல, நிஜமாகவே கோடாலி). அந்தப் பையன் கோழியைப் பிடிக்கும் கையைப் பார், இந்த இயக்குநர் எங்கெல்லாம் நின்று பார்த்துவிட்டு வந்திருக்கிறார் என்று தெரியும்.

அமெரிக்காவுக்குப் போன பிறகும் விடவில்லை. அங்கே பொதுத் தொலைக்காட்சிக்காக மினசோட்டாவில் கிளென்கோ என்ற சின்ன விவசாய ஊரை 1979-ல் எடுத்தார். ஏதோ காரணத்தால் அது முடியாமல் கிடந்தது. 1985-ல் அதே ஊருக்கு, அதே ஆட்களிடம் திரும்பிப் போனார். இடையில் விவசாயிகளைக் கடன் அழுத்திவிட்டிருந்தது. முன்பு சிரித்துப் பேசியவர்கள் இப்போது எப்படிப் பேசுகிறார்கள் என்று நீயே பார். நீயும் மரம் சாய்த்த பிறகு பாட்டியோடு ஒரு தடவை அங்கே போ. படத்தை ஒப்படைத்துவிட்ட பிறகாக இருந்தாலும் போ.

இப்போது அம்மாவின் கேள்வி. பேரைக் கேட்டாரா? தெருவில், வயலில், கோயிலில் அவர் எடுத்த முகங்களில் பெரும்பாலானவற்றுக்குப் பெயர் இல்லை. அவருக்குத் தமிழ் தெரியாது, அடுத்த நாள் வேறு ஊர். அவரால் முடியாதது அது. உன்னால் முடியும். பாட்டியின் பெயர், அவர் வெட்டும் நிரையின் (மர வரிசையின்) பெயர், காட்டின் பெயர், உளி யார் கொடுத்தது, எல்லாம் கேள். பாட்டி பேசும் மொழி உன் மொழி.

---

ஆசிரியை_தமிழ்ப்பள்ளி எழுதியது:

கேசட் கடை அண்ணன் அன்போடு எழுதியிருக்கிறார். ஆனால் எனக்கு ஒரு தடை இருக்கிறது, அதைச் சொல்லாமல் இந்தத் தம்பியை அனுப்ப மனமில்லை.

அந்தத் தொடரை 1970-ல் பிபிசி ஒளிபரப்பியபோது இந்திய அரசு கடுமையாக எதிர்த்தது. வறுமையை மட்டும் காட்டுகிறார்கள் என்று சொல்லி, பிபிசியின் டெல்லி அலுவலகத்தையே மூட வைத்தார்கள். அரசு செய்தது சரி என்று நான் சொல்லவில்லை. ஆனால் பார்க்கப்பட்டவர்களுக்கு வலிக்கும் என்பதை நாமும் அறிவோம். செத்த மாட்டைத் தின்னும் கழுகுகளை அவ்வளவு நேரம் காட்டிவிட்டு, அந்த ஊர்ப் பெண்ணின் வாயிலிருந்து ஒரு முழு வாக்கியம் நமக்குக் கேட்பதில்லை.

ஏன் இவ்வளவு சொல்கிறேன் என்றால், என் தாத்தாவின் படம் ஒன்று இருக்கிறது. தோட்டத்துத் துரை பங்களாவின் சுவரில் பல வருடம் தொங்கியது. தோளில் காண்டாக் கம்பு, இரண்டு பக்கமும் வாளி, வெறும் கால். கீழே ஆங்கிலத்தில் ‘பால் வெட்டும் கூலி’ என்ற பொருளில் இரண்டே சொல். பங்களாவை இடிக்கும்போது அங்கே வேலை செய்த சமையற்காரர் அந்தப் படத்தை எடுத்துவந்து எங்கள் வீட்டில் கொடுத்தார். பாட்டிதான் பார்த்ததும் பெயரைச் சொல்லி அழைத்தார். படம் எடுத்தவர் நல்ல மனிதராகக்கூட இருந்திருக்கலாம். ஆனால் அறுபது வருடம் என் தாத்தா அந்தச் சுவரில் பெயரில்லாமல் நின்றார்.

ஆகவே தம்பி, மாலிடம் கற்க வேண்டியது அந்த இந்தியத் தொடரில் இல்லை என்பது என் எண்ணம். ‘போய் வருகிறேன், பிள்ளைகளே’ என்று 1987-ல் ஒரு படம் எடுத்தார். அதைப் பார். 1944 சனவரியில், இவர் பதினொரு வயதுப் பையனாக, பாரிஸுக்குத் தெற்கே பாதிரியார்கள் நடத்திய விடுதிப் பள்ளியில் படித்தார். அங்கே வேறு பெயரில் ஒளித்து வைத்திருந்த யூதச் சிறுவர்கள் மூவரையும், அவர்களைக் காத்த பாதிரியாரையும் ஜெர்மானியர் பிடித்துக்கொண்டு போனார்கள். சிறுவர்கள் ஆஷ்விட்ஸிலிருந்து திரும்பவில்லை. அந்த ஒரு காலைப்பொழுதைச் சொல்ல இவருக்கு நாற்பது வருடத்துக்கு மேல் ஆனது. வெனிஸில் தங்கச் சிங்கம் அதற்குத்தான் (1980-ல் ‘அட்லாண்டிக் சிட்டி’க்கும் ஒன்று). முடிவில் அவர் குரல் வரும். அங்கே அவர் வெளியிலிருந்து பார்க்கிறவர் இல்லை. தன் பள்ளி, தன் நண்பன், தன் குற்றவுணர்வு. நீயும் பேரனாகத்தானே எடுக்கிறாய்?

---

பழைய கேசட் கடை எழுதியது:

டீச்சர், உங்கள் தாத்தா படத்தைப் பற்றிப் படித்துவிட்டு நேற்று வெகுநேரம் எதுவும் எழுதத் தோன்றவில்லை. நீங்கள் சொல்வதில் நியாயம் இருக்கிறது. கழுகுக் காட்சி எனக்கும் நீளம்தான்.

ஒன்று மட்டும் விட்டுக்கொடுக்க மாட்டேன். அந்த 1987 படத்தை அவர் அப்படி எடுத்ததற்கு அந்த இந்தியப் பயணமும் ஒரு காரணம் என்று நான் நம்புகிறேன். பள்ளியில் பையன்கள் பொய்க்கால் கட்டிக்கொண்டு சண்டை போடுவது, பியானோ பாடம், காட்டில் வழி தவறுவது, எதையும் அழுத்திச் சொல்லாமல் பார்த்துக்கொண்டு மட்டும் இருப்பார். கதவருகே அந்தப் பையன் திரும்பிப் பார்க்கிறான், இவன் கை அசைக்கிறான், அவ்வளவுதான். கேமராவைத் திரும்பிப் பார்க்கும் கண்களை வெட்டக்கூடாது என்று கற்றுக்கொண்ட ஆள்தான் அதை எடுக்க முடியும். 1995-ல் அவர் இறந்தபோது வயது 63. கடைசியில் முடித்த படமும் ஒரு நாடக ஒத்திகையைத்தான் பார்த்துக்கொண்டிருக்கிறது, நியூயார்க்கில் ஒரு பாழடைந்த கொட்டகையில், நடிகர்கள் அன்றாட உடுப்பிலேயே.

---

ஒலிப்பதிவு_தைப்பிங் எழுதியது:

ஒலியைப் பற்றி யாரும் சொல்லவில்லை, அதனால் சுருக்கமாக.

இந்தியாவுக்குப் போனவர்கள் மாலோடு சேர்த்து மூன்றே பேர், அதில் ஒருவர் ஒலிக்கு என்பதைக் கவனி. மூன்றில் ஒரு பங்கு. நீ கைப்பேசியில் எடுப்பதாக இருந்தாலும் பாட்டியின் சட்டையில் ஒரு சின்ன ஒலிவாங்கி மாட்டு, ஐம்பது வெள்ளிக்குள் (ரிங்கிட்) கிடைக்கும். உளி பட்டையில் இழுபடும் சத்தம் நெருங்கி நின்றால்தான் கேட்கும். விடியும் முன் பூச்சிச் சத்தம் ஒன்று, விடிந்த பிறகு பறவை வேறு. இரண்டையும் தனியாக ஐந்து ஐந்து நிமிடம் எடுத்து வை.

இசை வேண்டும் என்றால் அவசரப்படாதே. 1957 டிசம்பரில் அந்த லிஃப்ட் படத்துக்கு டிரம்பெட் ஊதும் ஜாஸ் கலைஞர் மைல்ஸ் டேவிஸ் ஒரே இரவில், திரையில் ஓடும் காட்சியைப் பார்த்தபடியே ஊதிக் கொடுத்தார். படம் கையில் வந்த பிறகு தோட்டத்துக் கோயில் தப்புக்காரர் யாரையாவது உட்காரவைத்துக் காட்டிப் பார். அவருக்கு வாசிக்கத் தோன்றினால் பதிவு செய். தோன்றவில்லை என்றால் பூச்சிச் சத்தமே போதும்.

---

செம்பனைக்காடு (சுங்கை சிப்புட்) எழுதியது:

எல்லாருக்கும் நன்றி. உடனே பதில் எழுதாததற்கு மன்னிக்கவும், பத்து நாளாகக் காலை நாலரைக்கு எழுந்து பாட்டியோடு போய்க்கொண்டிருக்கிறேன். அதில் மூன்று நாள் மழை. பட்டை நனைந்தால் வெட்ட முடியாது, வீட்டில் இருந்தோம்.

முதல் நாள் கேமராவை எடுக்கவே இல்லை. வாளி தூக்கினேன். பாட்டி நெற்றி விளக்கைக் கட்டிக்கொண்டு முன்னால் போக, பின்னால் நடந்தேன். இருட்டில் எந்த மரம் பால் தரும், எது பட்டை காய்ந்துபோனது என்று அவர் கை வைத்தே சொல்கிறார். இரண்டாம் நாள் எடுத்தபோது வழக்கம்போலத் திரும்பிப் பார்த்தார். நான் ஒன்றும் சொல்லவில்லை. கொஞ்ச நேரம் பார்த்துவிட்டு, "சாப்பிட்டியா?" என்று கேட்டுவிட்டு அடுத்த மரத்துக்குப் போனார். அதுதான் படத்தின் முதல் ஷாட். முடிவு செய்துவிட்டேன்.

கேசட் கடை அண்ணன் சொன்னபடி இருபது மரம் எடுத்தேன். பன்னிரண்டாவது மரத்தில் பாட்டி நான் இருப்பதையே மறந்து தனக்குள் பேச ஆரம்பித்தார். மைக் மாட்டியிருந்ததால் எல்லாம் பதிவாகியிருக்கிறது, தைப்பிங் அண்ணனுக்கு நன்றி. டீச்சர், நீங்கள் சொன்ன படத்தையும் பார்த்தேன். அம்மாவும் கூட உட்கார்ந்து பார்த்தார்.

பெயர் கேட்டேன். பாட்டியின் பெயரைக் கேட்டால் சிரித்தார், "உனக்குத் தெரியாதா?" என்று. தோட்டம் இருந்த காலத்தில் அவர் வெட்டிய நிரையைப் பற்றிக் கேட்டேன். அவருக்கு முன்னால் அதே நிரையை வெட்டிய நான்கு பெண்களின் பெயரைச் சொன்னார், யார் மகள், எந்த லயத்தில் (தோட்டத்து வரிசை வீடுகளில்) எத்தனையாவது வீடு என்பது வரைக்கும். அதில் ஒருவர் பாட்டிக்கு உளி பிடிக்கக் கற்றுக் கொடுத்தவர். அந்தப் பெயர்களை இங்கே எழுதவில்லை. அவர்களுடைய பிள்ளைகள் இருவர் இப்போது கோலகங்சாரில் இருக்கிறார்களாம், கேட்டுவிட்டுத்தான் படத்தில் போடுவேன். நான்காவது பெயர் சொல்லும்போது பேட்டரி தீர்ந்துவிட்டது. பாட்டி நிறுத்தவில்லை. பாக்கியை ஒட்டுப்பால் மூட்டை மேல் நோட்டை வைத்து எழுதிக்கொண்டேன்.

நாளை மழை இல்லையென்றால் மறுபடி போகிறேன்.